காணாமல் போன டிஎல்எல் கோப்பை மட்டும் தனியாகத் தேடி இறக்காதீர்கள்

தை மாத முகூர்த்தங்கள் முடிந்த வாரம். எங்கள் தெருமுனையில் போட்டோ ஸ்டூடியோ வைத்திருக்கும் அண்ணன், இருட்டுகிற நேரத்தில் சிபியூவைத் தூக்கிக்கொண்டு என் பழுதுபார்க்கும் கடைக்கு வந்தார். புதிதாக வாங்கிய கம்ப்யூட்டர். மறுநாள் காலை ஒரு கல்யாண ஆல்பம் அச்சுக்குப் போக வேண்டும். ஆல்பம் வடிவமைக்கும் மென்பொருளோ 0எக்ஸ்சி000007பி என்ற எண்ணைக் காட்டிவிட்டு மூடிக்கொள்கிறது.

காலையில் வந்த பிழை வேறு என்றார். ‘எம்எஸ்விசிபி140.டிஎல்எல் இல்லை’ என்று வந்திருக்கிறது. அந்தப் பெயரை இணையத்தில் தேடி, கண்ணில் பட்ட ஒரு தளத்திலிருந்து அந்த ஒற்றைக் கோப்பை இறக்கி, அங்கே சொன்னபடியே சிஸ்டம்32 ஃபோல்டரில் போட்டிருக்கிறார். அதன் பிறகுதான் இந்த எண் வரத் தொடங்கியது.

“அதே ஃபோல்டர்தானே அம்மா, பழைய கம்ப்யூட்டரில் ஓடுகிறது, இதில் ஏன் ஓடவில்லை?”

அவருடைய கேள்வியிலேயே விடை இருந்தது. மென்பொருளை அவர் முறைப்படி நிறுவவில்லை. பழைய கம்ப்யூட்டரில் இருந்த ஃபோல்டரைப் பென்டிரைவில் நகலெடுத்து இதில் ஒட்டியிருக்கிறார்.

அவருக்குச் சொன்னதையே இங்கும் எழுதுகிறேன். எங்கள் ஊரில் கல்யாணச் சமையலுக்கான பெரிய அண்டாக்கள் ஊர்ப் பொதுவில் இருக்கும். யார் வீட்டு விசேஷமானாலும் அங்கிருந்து எடுத்துக்கொள்வார்கள். வீட்டுக்கு வீடு வாங்கி அடுக்குவதில்லை. டிஎல்எல் கோப்பும் அப்படித்தான். பல மென்பொருள்களுக்கும் தேவைப்படும் வேலைகளை ஒரே கோப்பில் எழுதி வைத்து, வேண்டும்போது அழைத்துக்கொள்கிறார்கள். 1985இல் வெளிவந்த முதல் விண்டோஸிலேயே இந்த ஏற்பாடு உண்டு. 256 கிலோபைட் நினைவகத்தில் ஓட வேண்டிய அமைப்பு அது. ஒரே நிரலை மென்பொருளுக்கு ஒரு பிரதி என்று ஏற்ற அதில் இடம் ஏது? மென்பொருளின் ஃபோல்டரை நகலெடுத்தால் அந்த வீட்டுச் சாமான் மட்டும்தான் வரும், ஊர் அண்டா வராது.

எம்எஸ்விசிபி140 என்பது மைக்ரோசாஃப்டின் விஷுவல் சி பிளஸ் பிளஸ் ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் என்ற தொகுப்பைச் சேர்ந்தது. சி பிளஸ் பிளஸ் மொழியில் எழுதிய மென்பொருள்களுக்கான ஊர் அண்டாக்கள் அதில்தான் இருக்கின்றன. 2015 முதல் 2022 வரையிலான பதிப்புகள் எல்லாம் இந்த 140 என்ற எண்ணையே பகிர்ந்துகொள்கின்றன. மென்பொருளை முறையாக நிறுவும்போது பெரும்பாலும் அந்த நிறுவியே இந்தத் தொகுப்பையும் சேர்த்து வைத்துவிடும். பழைய கம்ப்யூட்டரில் நடந்தது அதுதான்.

இரண்டாவது பிழைக்கு வருகிறேன். அவர் இறக்கியது 32 பிட் கோப்பு. மென்பொருள் 64 பிட். ஒரு வகை மென்பொருளால் மற்ற வகைக் கோப்பை ஏற்ற முடியாது, அந்த 0எக்ஸ்சி000007பி சொன்னது அதைத்தான். 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 என்ற ஃபோல்டரில் இருப்பவை 64 பிட் கோப்புகள். 32 பிட் கோப்புகள் இருப்பது சிஸ்வாவ்64 என்ற ஃபோல்டரில்! பழைய மென்பொருள்கள் சிஸ்டம்32 என்ற பெயரையே நம்பி எழுதப்பட்டிருந்ததால் அந்தப் பெயரை மாற்றாமல் விட்டார்கள். பெயரைப் பார்த்து யாராக இருந்தாலும் தவறாகத்தான் போடுவார்கள். அண்ணனைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

எனக்குக் கோபமெல்லாம் ஒற்றைக் கோப்பாக டிஎல்எல் கொடுக்கும் தளங்களின் மேல்தான். டிஎல்எல் என்பது படமோ கடிதமோ போன்ற வெறும் தரவு அல்ல, இயங்கும் நிரல். மென்பொருள் அதை ஏற்றும் கணத்திலேயே உள்ளே இருப்பது ஓடத் தொடங்கிவிடலாம். அந்த மென்பொருளுக்கு இருக்கும் அனுமதிகள் அத்தனையும் அதற்கும் உண்டு. எத்தனையோ குடும்பங்களின் கல்யாணப் படங்கள் இருக்கும் கம்ப்யூட்டரில், யார் எழுதியது என்றே தெரியாத ஒன்றைக் கொண்டுவந்து வைக்கலாமா?

முதல் வேலையாக அந்தக் கோப்பை அழித்தேன். வைரஸ் சோதனையை முழுதாக ஓடவிட்டேன். நல்லவேளை, ஒன்றும் இல்லை. பிறகு மைக்ரோசாஃப்டின் தளத்திலிருந்தே அந்தத் தொகுப்பை எக்ஸ்64 (64 பிட்), எக்ஸ்86 (32 பிட்) இரண்டு வகையிலும் இறக்கி நிறுவினேன். 64 பிட் கம்ப்யூட்டரிலும் 32 பிட் மென்பொருள்கள் ஓடுவதால் இரண்டுமே வேண்டும்.

வேறு பெயர்கள் வந்தாலும் நான் முதலில் கேட்பது, இதை யார் கொண்டுவந்திருக்க வேண்டும் என்றுதான். டி3டிஎக்ஸ்9_43 என்றால் விளையாட்டு மென்பொருள்களுக்குத் தேவைப்படும் மைக்ரோசாஃப்டின் 2010 ஜூன் மாத டைரக்ட்எக்ஸ் தொகுப்பு. விண்டோஸின் சொந்தக் கோப்பே கெட்டிருந்தால், அவற்றைச் சரிபார்த்துச் சீராக்கும் எஸ்எஃப்சி கட்டளை. மென்பொருளின் சொந்தக் கோப்பு என்றால், வைரஸ் தடுப்பான் பிடித்து ஒதுக்கி வைத்திருக்கிறதா என்று பார்த்துவிட்டு மென்பொருளையே மறுபடி நிறுவுவேன்.

லினக்ஸிலும் இதே கதை உண்டு. உபுண்டு என்ற லினக்ஸ் வகையின் 22.04 பதிப்புக்கு மாறியபோது என் பழைய மென்பொருள் ஒன்று லிப்எஸ்எஸ்எல்.எஸ்ஓ.1.1 இல்லை என்றது. ஓப்பன்எஸ்எஸ்எல் என்ற மறையாக்கத் தொகுப்பின் பழைய பதிப்பைச் சேர்ந்த பொதுக் கோப்பு அது. புதிய ஓப்பன்எஸ்எஸ்எல் 3இன் கோப்புக்குப் பழைய பெயரில் ஓர் இணைப்பு கொடுத்துப் பார்த்தேன். பெயரை ஏற்றுக்கொண்டது, உள்ளே பதிப்பைச் சரிபார்த்து நின்றுவிட்டது. அந்த மென்பொருளின் புதிய பதிப்பை நிறுவிய பிறகுதான் வேலை நடந்தது.

ஒன்பதரை மணிக்கு அண்ணனின் ஆல்பம் திறந்தது. மாலை மாற்றும் பக்கம் பாதியில் நின்றிருந்தது. வீட்டுக்குப் போய்ப் பொருத்தும் நேரம் மிச்சம் என்று என் மேசையிலேயே உட்கார்ந்து வேலையைத் தொடர்ந்தார். நான் ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு, இரண்டு டீ சொல்லிவிட்டு வந்தேன்.