கடைவாயில் ஒரு கனிமம்

முந்திரிக்கொத்துதான் வினை. கடித்ததும் கடைவாய்ப் பல்லில் ஒரு சில்லு பெயர்ந்தது. தக்கலையிலிருந்து நாகர்கோவிலுக்கு நான்கு முறை பஸ் ஏறினேன். முதல் இரண்டு முறை வேர் சிகிச்சை. ஊசி போட்டதால் வலி இல்லை. வாயைப் பிளந்தபடி கிடப்பதுதான் பாடு. மூன்றாம் முறை அளவெடுத்தார்கள். நான்காம் முறை உலோகக் கேப்.

டாக்டரம்மா குளிரவைத்த தடித்த கண்ணாடிப் பலகையை எடுத்து, அதில் பூத்திருந்த ஈரத்தை ஒட்டத் துடைத்தார். நம் ஊர்க் காற்றில் குளிர்ந்த பொருள் எதுவும் உடனே வியர்த்துவிடும்; அந்தத் தண்ணீர் கலந்தால் கேப்பை ஒட்டவைக்கும் சிமென்ட் கெட்டுவிடுமாம். வெள்ளைப் பொடியைச் சிறு பங்குகளாகப் பிரித்து, ஒவ்வொன்றாகத் திரவத்தில் சேர்த்துப் பலகை முழுக்கப் பரத்தித் தேய்த்தார்.

"எதற்கு இவ்வளவு பரத்துகிறீர்கள்?"

"கலக்கும்போது சூடாகும் சார். மொத்தமாகக் கொட்டினால் கேப் வைப்பதற்குள் இறுகிவிடும்."

ஒன்றரை நிமிடம் ஆனது. கரண்டியைத் தூக்கினார், கூழ் நூலாக நீண்டு அறுந்தது. கேப்பில் தடவிப் பல்லில் அழுத்தியதும் நாக்கில் லேசான புளிப்பு. பொடி துத்தநாக ஆக்சைடு, திரவம் பாஸ்பாரிக் அமிலம் என்றார்.

ஓய்வுபெற்ற இயற்பியல் ஆசிரியனுக்கு அது போதாதா? வீட்டுக்கு வந்து தேடினேன். இந்தச் சிமென்டில் ஈரம் பட்டுப்பட்டு உருவாகக்கூடிய படிகத்தின் பெயர் ஹோப்பைட். மண்ணிலும் அரிதாகக் கிடைக்கும் துத்தநாக பாஸ்பேட் கனிமம். இன்றைய பெல்ஜியத்தில் உள்ள ஆல்டன்பெர்க் சுரங்கத்தில் கிடைத்ததை 1820-களில் ஸ்காட்லாந்து இயற்பியலாளர் டேவிட் புரூஸ்டர் விவரித்து, எடின்பரோ வேதியியல் பேராசிரியர் தாமஸ் சார்லஸ் ஹோப்பின் பெயரை வைத்தார். தண்ணீர் 4 டிகிரி செல்சியஸில்தான் அதிக அடர்த்தி என்று காட்டிய அதே ஹோப்! இரண்டு தெர்மாமீட்டர் செருகிய அவருடைய ஜாடியை ஆண்டுதோறும் கரும்பலகையில் வரைந்தவன் நான்.

ஜாம்பியாவின் கப்வே சுரங்கக் குகையில் பழைய எலும்புகள் மீதும் ஹோப்பைட் படர்ந்திருந்தது. பாஸ்பேட் எலும்பிலிருந்து, துத்தநாகம் தாதுவிலிருந்து. அதே சுரங்கத்தில் 1921-ல் ஓர் ஆதிமனித மண்டையோடு கிடைத்தது. மேல்வரிசையில் பத்துப் பற்கள் சொத்தை. பாவம், சிமென்டுக்கு வேண்டியதெல்லாம் பக்கத்திலேயே இருந்தும் குழைத்துக் கொடுக்க ஆளில்லை.

எனக்கு ஒருநாள் கடினமாக எதையும் கடிக்கக்கூடாது என்று உத்தரவு. அன்றிரவு கஞ்சியும் துவையலும். மிச்ச முந்திரிக்கொத்தைப் பேரன் முடித்துவிட்டான்.