கிதார் கம்பமும் ஆஸ்பத்திரிக் கட்டடமும்

அமெரிக்காவில் மெம்ஃபிஸிலிருந்து 61ஆம் நெடுஞ்சாலையைப் பிடித்துத் தெற்கே வந்தால் ஒன்றரை மணி நேரத்தில் மிசிசிப்பி மாநிலத்தின் கிளார்க்ஸ்டேல். வழியெல்லாம் மேடு பள்ளமே இல்லாத பருத்திக்காடு. ஊரில் 61ம் 49ம் சந்திக்கிற முக்கில் ஒரு கம்பத்தில் பெரிய நீலக் கிதார்களை மாட்டி வைத்திருக்கிறார்கள். ப்ளூஸ் என்கிற கறுப்பின மக்களின் இசையில் பேர்போன ராபர்ட் ஜான்சன் இப்படியொரு முக்கில் பிசாசிடம் ஆத்மாவை விற்றுக் கிதார் கற்ற கதைக்காக எல்லாரும் அங்கே நின்று படம் எடுக்கிறார்கள். நானும் எடுத்தேன், பொய் சொல்வானேன்.

ஆனால் நான் வந்தது சன்ஃபிளவர் அவென்யூவுக்கு. அங்கே ஆற்றையொட்டி ரிவர்சைடு ஹோட்டல் இருக்கிறது. 1944இல்தான் அது ஹோட்டல் ஆனது, அதற்கு முன்பு கறுப்பின மக்களுக்கான ஆஸ்பத்திரி. நான் வந்த அதே சாலையில் ராத்திரி கார் லாரியில் மோதி, வலது கை ஏறக்குறையத் துண்டான நிலையில் ப்ளூஸ் பாடகி பெஸ்ஸி ஸ்மித்தை இங்கேதான் கொண்டுவந்தார்கள். 1937 செப்டம்பர் 26 அன்று இறந்துபோனார். வெள்ளையர் ஆஸ்பத்திரி சேர்க்க மறுத்ததால் செத்தார் என்று பத்திரிகையில் வந்த கதை இன்னும் சுற்றுகிறது. உண்மையில் யாரும் மறுக்கவில்லை, அன்றைய மிசிசிப்பியில் அவரை அங்கே கொண்டுபோகலாம் என்று யாருக்கும் தோன்றியே இருக்காது. எனக்கு இதுதான் அந்தக் கதையைவிடக் கொடுமையாகப் படுகிறது.

கதவு பூட்டியிருந்தது. வாசலில் உள்ள நீலப் பலகையைப் படித்துவிட்டுக் காருக்குள் உட்கார்ந்து அவருடைய 1923 பாட்டு ஒன்றைப் போட்டேன். அப்போது பாட்டைப் பதிய மைக் கிடையாது, புனல் மாதிரி ஒரு குழாய்க்கு முன்னால் நின்று பாடவேண்டும். கூடாரக் கொட்டகைகளில் கடைசி வரிசை வரைக்கும் கேட்கிற மாதிரி பாடிப் பழகிய தொண்டை, அதனால்தான் பழைய இசைத்தட்டின் இந்தக் கரகரப்பையும் தாண்டி அப்படி வந்து விழுகிறது.

கிதார்க்காரர்கள் மேல் எனக்குக் கோபமில்லை. ஆனால் ஜான்சன் முதல் இசைத்தட்டுக்குப் பாடியது 1936இல். ப்ளூஸ் பாடகி மேமி ஸ்மித் 1920இலேயே பாடிவிட்டார், அந்தத் தட்டு விற்ற வேகத்தைப் பார்த்த பிறகுதான் கறுப்பின மக்களும் காசு கொடுத்து வாங்குவார்கள் என்று கம்பெனிகளுக்கு உறைத்தது. அப்புறம்தான் பெஸ்ஸி, மா ரெய்னி மாதிரிப் பாடகிகள் எல்லாம். இவர்களுக்கு முக்கில் ஒரு கம்பம் இல்லை.

பெஸ்ஸியின் கல்லறைக்கு 33 வருஷம் கல்கூட இல்லை. 1970இல் பாடகி ஜானிஸ் ஜாப்ளினும், சின்ன வயதில் பெஸ்ஸி வீட்டில் வேலை செய்த ஜுவானிடா கிரீனும் பணம் போட்டு வைத்தார்கள். அது ஃபிலடெல்பியா பக்கம். மா ரெய்னியின் வீடு ஜார்ஜியாவில், கொலம்பஸில். லீவு கிடைத்தால் முதலில் அங்கேதான்.