பழுப்பு இலைக் கன்றுகள்

நாற்றங்காலுக்கு வருகிறவர்கள் முதலில் கேட்பது, "இதெல்லாம் காய்ந்துபோச்சா?" என்றுதான். மொரீஷியஸைச் சேர்ந்த ரோட்ரிக்ஸ் தீவில் மட்டுமே உள்ள கஃபே மரோன் செடியின் கன்றுகள் அப்படித்தான் இருக்கும். குச்சிபோல் ஒடுங்கி நீண்ட இலை, அழுக்குப் பழுப்பு நிறம், நடுவில் இளஞ்சிவப்பாய் ஒரு கோடு. செடி நன்றாக உயர்ந்த பிறகுதான் அகலமான, பளபளக்கும் பச்சை இலை விடும். வேலைக்குப் புதிதாய்ச் சேர்ந்த பையன் ஒரு தட்டுக் கன்றைக் குப்பைக்குழிக்குத் தூக்கிக்கொண்டு போக, பின்னாலேயே ஓடியிருக்கிறேன்.

இந்த வேஷம் ராட்சத ஆமைகளை ஏமாற்றத்தான் என்று ஒரு கருத்து உண்டு. 1691-ல் ரோட்ரிக்ஸில் இறங்கிய பிரெஞ்சுக்காரர் லெகுவா, ஆமைகளின் முதுகிலேயே நூறு அடிக்கு மேல் எடுத்துவைத்து நடக்கலாம் என்று எழுதினார். அந்த ஆமைகள் அழிந்து இருநூறு வருஷம் போல ஆகிறது. செடிக்கு யாரும் சொல்லவில்லை போலும்.

அழிந்தே போய்விட்டது என்று நினைத்த செடி இது. 1980 வாக்கில் ஒரு பள்ளி மாணவன் கண்டுபிடித்தான். அந்த ஒற்றைச் செடிதான் மிச்சம். விஷயம் பரவியதும் ஆட்கள் கிளை ஒடிக்க வந்துவிட்டார்கள். பால்வினை நோய்க்கும், குடித்த மறுநாள் தலைவலிக்கும் மருந்து என்று ஊரில் நம்பிக்கை. வேலி போட்டார்கள், அதையும் தாண்டினார்கள், அப்புறம் இன்னொரு வேலி. 1986-ல் லண்டன் கியூ தாவரவியல் தோட்டத்துக்குப் போத்து போனது. அங்கே வேர் பிடித்து, வெள்ளை வெள்ளையாய்ப் பூத்தது. விதை மட்டும் வைக்கவில்லை. 2003-ல்தான் கார்லோஸ் மக்தலேனா என்ற தோட்டக்காரர், பூவில் மகரந்தம் ஒட்டும் நுனியான சூல்முடியை வெட்டிவிட்டு அந்த வெட்டில் மகரந்தத்தை வைத்துப் பார்த்து, விதை எடுத்தார். (இந்தப் பேரினத்துக்கு 1982-ல் பெயர் வைத்த இருவரில் ஒருவர் மொரீஷியஸ்காரர் திருவேங்கடம். நம் ஆட்களிடம் இதைச் சொன்னால் நிமிர்ந்து உட்காருவார்கள்.)

கேமராவோடு வருகிறவர்களுக்கு அந்த விதைக் கதை போதும். எனக்கென்னவோ அது சுலபமான பாதி என்றுதான் தோன்றுகிறது. கன்று இருக்கிறது, சரி. எங்கே வைப்பது? 108 சதுர கிலோமீட்டர் தீவில் பழைய காட்டை விறகுக்கும் விவசாயத்துக்கும் மேய்ச்சலுக்கும் அழித்தாயிற்று. கிராண்ட் மொன்டாஞ், ஆன்ஸ் கிட்டோர் போன்ற சில வேலியிட்ட இடங்களில்தான் நாட்டுச் செடிகளுக்குப் பாதுகாப்பு. அங்கேயும் வெளியிலிருந்து வந்து பரவிய சவுண்டல் மரம் விடாது. வெட்டினால் அடிக்கட்டையிலிருந்து துளிர்க்கும். பிடுங்கிய இடத்தில் ஒரு மழைக்குப் பிறகு பாய் விரித்தாற்போல் விதை முளைத்து நிற்கும். மொத்தமாய் அழிக்கவும் முடியாது, நிழல் போனால் நம் கன்று கருகிவிடும். அதனால் கொஞ்சம் கொஞ்சமாய், கன்றைச் சுற்றி மட்டும். தண்ணீருக்கும் பஞ்சம்தான். என் வேலையில் பெரும்பங்கு அரிவாளும் குடமும்.

வேலிக்கு வெளியே ஆடுகள். ஆமைக்கு எட்டாத உயரம் ஆட்டுக்கு எட்டும், பின்னங்காலில் நின்றுவிடும். ஆடு வளர்ப்பவர்களைக் குறை சொல்ல மனம் வரவில்லை, அவர்கள் பிழைப்பு அது. ஆனாலும் காவலுக்குள்ளேயே எத்தனை நாள் வளர்ப்பது? வீட்டுத் தோட்டங்களுக்குப் போனால்தான் இந்தச் செடி ஊர்ச்செடியாகும். மருந்து வேண்டுமென்றால் அவரவர் செடியில் பறித்துக்கொள்ளட்டுமே.

என் பக்கத்து வீட்டுப் பெரியவர் ரொம்ப நாளாய் ஒரு கன்று கேட்கிறார். ஆட்டைக் கட்டிவைப்பதானால் பேசிப் பார்க்கிறேன் என்றேன். யோசித்துச் சொல்கிறேன் என்று போனார்.