இறந்தவருக்காக வாய்தா வாங்கிக்கொண்டிருந்தேன்

போன மாதம் ஒரு பெண் மஞ்சள் பையோடு என் வக்கீல் அலுவலகத்துக்கு வந்தார். பைக்குள் ஒரு வழக்குரை நகல், கிரையப் பத்திரத்தின் ஜெராக்ஸ், என் விசிட்டிங் கார்டு. "அப்பா பீரோவுல இருந்துச்சு சார், என்னன்னு கேட்டுட்டுப் போகலாம்னு வந்தேன்" என்றார். அப்பா எப்படி இருக்கிறார் என்று கேட்டேன். அவர் இறந்து ஏழு மாதம் ஆகிறதாம். அந்த ஏழு மாதத்தில் அவருடைய வழக்கில் நான் நான்கு முறை வாய்தா வாங்கியிருக்கிறேன். அவர் நம்பருக்கு இரண்டு தடவை போன் செய்தேன், சுவிட்ச் ஆஃப் என்று வந்தது, சரி ஊருக்கு ஏதாவது போயிருப்பார் என்று விட்டுவிட்டேன். அது என் தவறுதான்.

சிவில் வழக்கில் வாதியோ பிரதிவாதியோ இறந்துபோனால், வழக்கை நடத்தும் உரிமை வாரிசுகளிடம் தொடரும் பட்சத்தில், இறந்த நாளிலிருந்து 90 நாளுக்குள் வாரிசுகளைச் சேர்க்க மனு போட வேண்டும். உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் கட்டளை 22-ம், 1963-ஆம் வருடத்துக் காலவரையறைச் சட்டமும் சேர்ந்து சொல்வது இது. போடாவிட்டால் இறந்தவரைப் பொறுத்தவரை வழக்கு தானாகவே அற்றுப்போகும், 'அபேட்' ஆகிவிட்டது என்போம். இதற்கு நீதிபதி தனியாக உத்தரவு போட வேண்டும் என்றுகூட இல்லை. அப்படி அற்றுப்போனதை ரத்துசெய்யக் கேட்க இன்னும் 60 நாள். மொத்தம் 150 நாளும் தாண்டிவிட்டால் தாமதத்தை மன்னிக்க ஒரு மனு, அற்றுப்போனதை ரத்துசெய்ய ஒரு மனு, வாரிசுகளைச் சேர்க்க ஒரு மனு என்று மூன்றையும் ஒன்றாகப் போட வேண்டும். எதுவும் போடாமல் விட்டால் அதே வழக்குமூலத்தை, அதாவது வழக்குக்கான அதே காரணத்தை, வைத்துப் புதிதாக வழக்குப் போடவும் வழியில்லை.

அந்தப் பெண் வந்தபோது 214 நாள் ஆகியிருந்தது.

கணக்கு அப்பா இறந்த நாளிலிருந்து ஓடுகிறது, இப்படி ஒரு வழக்கு இருப்பது மகளுக்குத் தெரியவந்த நாளிலிருந்து இல்லை. என்னை உறுத்துவது இதுதான். நம் ஊர்களில் நிலத்தகராறை வீட்டுப் பெண்களிடம் சொல்லாத அப்பாக்கள்தான் அதிகம். பதினாறாம் நாள் காரியம் முடியவே மூன்று வாரம் ஓடிவிடும், அப்புறம் இறப்புச் சான்று, பென்ஷன், பேங்க் பாஸ்புக் என்று அலைச்சல். இந்த அலைச்சலுக்கு நடுவே, தங்களுக்குத் தெரியாத ஒரு வழக்கின் கடைசித் தேதியை அவர்கள் எப்படித் தெரிந்துகொள்வார்கள்?

வழக்கு இருப்பது தெரிந்த குடும்பங்களும் ஒரு இடத்தில் வழுக்கி விழுவதைப் பார்க்கிறேன். தாசில்தாரிடம் வாரிசுச் சான்று வாங்கினால்தான் மனு போட முடியும் என்று நம்பி, அதற்காகவே 90 நாளையும் கரைத்துவிடுகிறார்கள். அப்படி ஒரு கட்டாயமே கிடையாது. யார் வாரிசு என்பதில் தகராறு வந்தால் அதை நீதிமன்றமே தீர்மானிக்கலாம், சட்டத்தில் விதி இருக்கிறது. நல்லெண்ணத்தோடு விசாரித்து, தெரிந்த வாரிசுகளைக் கெடுவுக்குள் சேர்த்துவிட்டாலே போதும், விட்டுப்போன ஒருவருக்காக வழக்கு அற்றுப்போகாது. அதனால் முதலில் மனுவைப் போடுங்கள், சான்று பின்னால் வரட்டும்.

சரி, கெடுவே வேண்டாம் என்று சொல்லிவிடலாமா? என்னால் முடியாது. எதிர்த்தரப்பில் நின்றும் இதைப் பார்த்திருக்கிறேன். இடைக்காலத் தடை வாங்கிவைத்த வாதி இறந்துபோனார். பிள்ளைகளுக்கு எல்லாம் தெரியும். ஆனாலும் வருடக்கணக்கில் ஒன்றும் செய்யவில்லை. என் கட்சிக்காரர் தன் சொந்த வீட்டில் ஒரு சுவர் எழுப்ப முடியாமல் காத்துக்கிடந்தார். கடைசியில் வழக்கு அற்றுப்போனது என்றதும் அவர் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. அந்த நிம்மதியும் நியாயம்தான். மூன்று வருடம் கழித்து யாரோ வந்து பழைய வழக்குக் கட்டைப் பிரித்தால் அவர் எங்கே போவார்?

ஆகவே கெடு இருக்கட்டும். ஆனால் இறப்புச் செய்தி யார் கையில் இருக்கிறது என்று பார்க்க வேண்டும், அதுவும் இறந்தவர் எதிராளியாக இருக்கும்போது. வேறு தாலுகாவில் இருக்கிற பிரதிவாதி இறந்தால் வாதிக்கு எப்படித் தெரியும்? முதலில் தெரியவருவது பிரதிவாதியின் வக்கீலுக்கு. இதற்காகத்தான் 1976-ல் சட்டத்தைத் திருத்தி 10ஏ என்று ஒரு விதியைச் சேர்த்தார்கள். தன் கட்சிக்காரர் இறந்தது தெரிந்ததும் வக்கீல் அதை நீதிமன்றத்துக்குச் சொல்ல வேண்டும், நீதிமன்றம் மறுதரப்புக்கு அறிவிக்க வேண்டும். கட்சிக்காரர் போன பிறகு இவர் எப்படி அவருடைய வக்கீல் என்ற கேள்வி வருமே, அதற்கும் பதில் வைத்திருக்கிறார்கள்: இந்த ஒரு வேலைக்காக அந்த வக்காலத்து இன்னும் உயிரோடு இருப்பதாகக் கொள்ள வேண்டும்.

நல்ல விதி. ஆனால் எத்தனை நாளுக்குள் சொல்ல வேண்டும், சொல்லாவிட்டால் என்ன ஆகும் என்று அதில் ஒன்றும் இல்லை. அதனால் சிலர் வாயைத் திறக்காமல் வாய்தா மட்டும் வாங்கிக்கொண்டு, 150 நாள் கடந்த பிறகு, கட்சிக்காரர் இறந்துவிட்டார் என்று ஒரு மெமோ கொடுக்கிறார்கள். பாகப்பிரிவினை வழக்கில் இப்படி ஒரு பங்காளி விஷயத்தில் நடந்தால், அவரோடு சேர்த்து மொத்த வழக்கும் விழக்கூடும். நிலத்தைக் கையகப்படுத்தியதற்கான இழப்பீட்டு மேல்முறையீட்டில், எதிர்த்தரப்பிலிருந்த இரண்டு சகோதரர்களில் ஒருவருடைய வாரிசுகளைச் சேர்க்காததால் முழு மேல்முறையீடும் போன நாத்து ராம் வழக்கு எங்கள் தொழிலில் எல்லோருக்கும் தெரிந்தது.

நீதிமன்றங்கள் கல்மனம் படைத்தவை என்று நான் சொல்லவில்லை. 2008-ல் பெருமோன் பகவதி தேவஸ்வம் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகவே சொன்னது. விசாரணைத் தேதியே இல்லாமல் வருடக்கணக்கில் கிடக்கிற மேல்முறையீட்டில், எதிராளி உயிரோடு இருக்கிறாரா என்று கட்சிக்காரர் விசாரித்துக்கொண்டே இருக்க வேண்டும் என எதிர்பார்க்க முடியாது. அற்றுப்போனதைக் காட்டி வழக்கை முடிப்பதைவிட, அதை ரத்துசெய்து வழக்கின் நியாயத்தைப் பார்த்துத் தீர்க்கவே நீதிமன்றங்கள் முனையும். கொரோனா காலத்தில் 15.03.2020 முதல் 28.02.2022 வரையிலான நாட்களைக் காலவரையறைக் கணக்கிலிருந்து உச்ச நீதிமன்றமே கழித்தது. அந்தக் கழிவு இல்லையென்றால் எத்தனை குடும்பங்கள் சாவோடு சேர்த்து வழக்கையும் இழந்திருக்கும்!

ஆனாலும் கீழமை நீதிமன்றத்தில் மனு விசாரணைக்கு வரும்போது கேள்வியெல்லாம் வாரிசை நோக்கித்தான் போகிறது. ஏன் தாமதம், அதே ஊரில்தானே இருக்கிறீர்கள், அப்பா வழக்கு மகளுக்குத் தெரியாதா. இறந்தவரின் வக்கீல் எப்போது அறிந்தார், அறிந்ததும் சொன்னாரா என்று கேட்பது அபூர்வம். அதை முதல் கேள்வியாக வைத்தால் பாதி மனுக்களில் நியாயம் எந்தப் பக்கம் என்பது அங்கேயே தெரிந்துவிடும். சொல்லாமல் மறைத்த தரப்பு, அந்த மௌனத்தில் ஓடிய நாட்களைத் தன் லாபமாக எண்ணக்கூடாது. தெரிந்தும் தூங்கிய வாரிசுக்குக் கடுமையாகச் செலவுத்தொகை போடட்டும், மனுவைத் தள்ளுபடியும் செய்யட்டும், எனக்கு ஆட்சேபம் இல்லை.

என் விஷயத்தில் பிரமாணப் பத்திரத்தில் உள்ளதை உள்ளபடி எழுதினேன், போன் எடுக்காததைக் கவனிக்காமல் விட்டது உட்பட. இப்போதெல்லாம் வக்காலத்தில் கையெழுத்து வாங்கும்போதே வீட்டில் இன்னொருவர் பெயரும் நம்பரும் கட்டின் மேலட்டையில் எழுதிக்கொள்கிறேன், முடிந்தால் அந்த இன்னொருவரிடமும் அப்போதே பேசிவிடுகிறேன். பழைய கட்டுகளையும் குமாஸ்தாவோடு உட்கார்ந்து ஒவ்வொன்றாக எடுத்து, போன் செய்து பார்த்துக்கொண்டிருக்கிறோம்.

மூன்று மனுக்களுக்கும் நீதிமன்றத்தில் எண் கொடுத்துவிட்டார்கள். எதிர்த்தரப்பு எதிருரைக்காக 18-ஆம் தேதி போட்டிருக்கிறார்கள். தான் வந்தே ஆக வேண்டுமா என்று அந்தப் பெண் கேட்டார், அன்றைக்கு அவசியம் இல்லை என்றேன். இருந்தாலும் வருகிறேன் என்றார்.