மன்னிக்காமலும் கத்தியைக் கீழே போடலாம்

(நான்கு ஜப்பானிய அனிமே தொடர்களின் கதைத் திருப்பங்கள் வரும். பார்க்காதவர்கள் பார்த்துவிட்டு வாருங்கள்.)

பழிவாங்கும் கதையை முடிக்க அனிமேயில் ஒரு குறுக்கு வழி உண்டு. வில்லனின் சோகமான பால்யத்தைக் காட்டி, நாயகனைக் கண்கலங்க வைத்துவிட்டால் போதும். ‘நருட்டோ ஷிப்புடென்’ அந்த வழியில் முழுதாகப் போகவில்லை. ஆசான் ஜிராயாவின் சாவுக்குக் காரணமான நாகாட்டோவின் கதையை நருட்டோ பொறுமையாகக் கேட்கிறான். கோபம் ஆறவில்லை, ஆனாலும் கொல்லாமல் விடுகிறான். அதுவரை அருமை. அடுத்து நாகாட்டோ தன் உயிரைக் கொடுத்து, தன் தாக்குதலில் செத்த மக்களை, நருட்டோவின் ஊரான கொனோஹாவின் மக்களை, எழுப்பிவிடுகிறான். நருட்டோவின் இன்னோர் ஆசான் ககாஷி உட்பட எல்லோரும் திரும்பிவிட்டார்கள். ஊர்க்காரர்கள் பொறுத்துக்கொள்ள இனி என்ன மிச்சம்?

இழப்பு இழப்பாகவே இருக்க வேண்டும். ‘ஃபுல்மெட்டல் ஆல்கெமிஸ்ட்: பிரதர்ஹுட்’டில் (2009) நாயகனின் தோழி வின்றியின் பெற்றோர் மருத்துவர்கள், தனக்குச் சிகிச்சை தந்த அவர்களையே ஸ்கார் கொன்றவன். அவனைச் சுட வாய்ப்புக் கிடைத்தும் அவளால் முடியவில்லை. பின்னொரு நாள் அவன் காயத்துக்குக் கட்டுப் போடும்போதும், மன்னித்துவிடவில்லை என்று தெளிவாகவே சொல்கிறாள். அதே ஸ்கார் பிறகு, தன் நண்பனைக் கொன்ற என்வியை வெறியோடு எரிக்கும் ராணுவ அதிகாரி மஸ்டாங்கைத் தடுப்பவர்களோடு நிற்கிறான்.

‘அட்டாக் ஆன் டைட்டன்’ இன்னும் கறார். மகள் சாஷாவைக் கொன்ற சிறுமி கேபியைப் பழிவாங்க மறுக்கிறார் தந்தை. பிள்ளைகளையாவது ஒருவரையொருவர் கொல்லும் இந்தக் காட்டிலிருந்து வெளியே கொண்டுவர வேண்டும் என்கிறார். ஆனால் சாஷா காப்பாற்றிய காயா அடுத்த நொடியே கத்தியோடு கேபி மேல் பாய்கிறாள். பெரியவர் ஒருவர் பக்குவமாகப் பேசினால் எல்லோரும் அடங்கிவிடுவார்கள் என்று எழுதுவதுதான் இவ்வகைக் கதைகளில் அடிக்கடி நடக்கும் சறுக்கல்.

என் கணக்கில் இதைச் சரியாகச் செய்தது ‘வின்லேண்ட் சாகா’. முதல் சீசன் (2019) முடிவில், நாயகன் தோர்ஃபினின் தந்தையைக் கொன்ற அஸ்கெலாட்டைக் கொல்வது இளவரசன் கனூட். தோர்ஃபின் பல வருடம் துரத்திய இலக்கு அவன் கைக்கு எட்டாமலே போகிறது. இரண்டாவது சீசனில் (2023) தோர்ஃபின் ஒரு பண்ணையில் அடிமை. மரம் வெட்டுகிறான், வேர்க்கட்டைகளைப் பிடுங்குகிறான், கோதுமை விதைக்கிறான். இரவில் அவன் கொன்றவர்கள் கனவில் வருகிறார்கள். சண்டையே இல்லை என்று சலித்துக்கொண்டவர்கள் பலர். அந்த மெதுவான எபிசோடுகளை வெட்டியிருந்தால், அந்தப் பண்ணையைப் பறிக்க வந்த, இப்போது மன்னனாகிவிட்ட கனூட்டைச் சந்திக்க அனுமதி கேட்டுத் திருப்பி அடிக்காமல் நூறு குத்து வாங்கும் காட்சி வெறும் ஹீரோயிசமாகியிருக்கும். கடைசியில் கனூட் பின்வாங்குகிறான்தான். அதற்குள் அதே பண்ணையின் அடிமைப் பெண் ஆர்ன்ஹெய்ட் இறந்துவிட்டாள், அவளை யாரும் எழுப்பித் தரவில்லை.