ஜூன் 30 தாண்டினால் எந்த ஊர்? ஊர் மாறும் ஸ்டாப்பரின் பிழைப்பு

கால்பந்துச் செய்திகளில் 'ஜர்னிமேன்' என்று ஒரு சொல் அடிபடும். கொஞ்சம் இளக்காரமாகத்தான் சொல்வார்கள். எந்த அணியிலும் வேர் பிடிக்காதவர், இரண்டு சீசனுக்கு ஒருமுறை பெட்டி கட்டுகிறவர் என்ற தொனி இருக்கும். கரண்டியும் ரசமட்டமும் எடுத்துக்கொண்டு சைட்டுக்கு சைட் போகும் கொத்தனாரை நாம் அப்படிப் பேசுவதில்லை. இதுவும் அந்த மாதிரி ஒரு தொழில்தான். தடுப்பாட்டக்காரர்களுக்கு, அதிலும் நம்மூர் மைதானங்களில் 'ஸ்டாப்பர்' என்று சொல்கிறோமே, கோலுக்கு முன்னால் நடுவில் நிற்கும் அந்த சென்டர் பேக்குகளுக்கு, இது ரொம்பவே பொருந்தும். கோல் போடுகிறவரை விலை கொடுத்து வாங்குவார்கள். ஸ்டாப்பரைத் தேடுவது பெரும்பாலும் இருந்தவர் முட்டியைப் பிடித்துக்கொண்டு வெளியே போன பிறகுதான்.

உதாரணத்துக்கு ஸெஷ் ரெஹ்மான். 1983இல் பர்மிங்ஹாமில் பிறந்து, ஃபுல்ஹாமில் வளர்ந்து, பிரிமியர் லீக் ஆடியவர். ஃபுல்ஹாமில் இருக்கும்போதே பிரைட்டனுக்கும் நார்விச்சுக்கும் கடனாகப் போனார்; அதாவது ஒப்பந்தம் சொந்தக் கிளப்பிலேயே இருக்க, கொஞ்ச காலம் வேறு கிளப்புக்கு ஆடுவது. 2006இல் குவீன்ஸ் பார்க் ரேஞ்சர்ஸ். அங்கிருந்து மறுபடி பிரைட்டன், பிளாக்பூல் என்று கடன். 2009இல் நான்காம் டிவிஷனின் பிராட்ஃபோர்டு சிட்டி. பிறகு தாய்லாந்தின் முவாங்தோங் யுனைடெட், ஹாங்காங்கின் கிட்சி, மலேசியாவின் பகாங். கொஞ்ச காலம் இங்கிலாந்து திரும்பி ஜில்லிங்ஹாம், கடைசியில் ஹாங்காங்கின் சதர்ன். இங்கிலாந்தின் நான்கு டிவிஷனிலும் ஆடி முடித்தவர்கள் குறைவு. இவர் அதற்கு மேல் ஆசியாவிலும் மூன்று நாடு பார்த்தார்.

இந்தப் பட்டியலைக் காலில் இருக்கும் திறமையை மட்டும் வைத்துப் படித்தால் பாதிதான் புரியும். மீதி காகிதத்திலும் காலண்டரிலும் இருக்கிறது.

இங்கிலாந்தில் ஒப்பந்தங்கள் ஜூன் 30ஆம் தேதி முடிகின்றன. மே மாதம் லீக் ஓய்ந்ததும் ஒவ்வொரு கிளப்பும் யாரை வைத்துக்கொள்கிறோம், யாரை விடுகிறோம் என்று பட்டியல் போடும். கீழ் டிவிஷன்களில் ஓராண்டு, ஈராண்டு ஒப்பந்தமே அதிகம் என்பதால் அணியில் பெரும்பகுதியே அந்தப் பட்டியலில் நிற்கும். 24 வயதுக்கு உட்பட்டவரைக் கிளப் புது ஒப்பந்தம் கொடுத்து அழைத்தும் அவர் வேறிடம் போனால், போகிற கிளப் ஈட்டுத்தொகை தர வேண்டும். 24ஐத் தாண்டிவிட்டால் ஒப்பந்தம் முடிந்த நிமிடம் அவர் சுதந்திரம். 1995 டிசம்பரில் ஐரோப்பிய நீதிமன்றம் தந்த போஸ்மன் தீர்ப்பு செய்த வேலை இது. ஒப்பந்தத்தின் கடைசி ஆறு மாதத்தில், அதாவது ஜனவரியிலிருந்தே, வெளிநாட்டுக் கிளப்போடு முன்கூட்டியே கையெழுத்தும் போடலாம். விலையில்லாமல் கிடைக்கிறார் என்பதுதான் நடுத்தர ஸ்டாப்பரின் பெரிய கவர்ச்சி. ஒரு கிளப் தர வேண்டியது சம்பளம் மட்டும்.

கையெழுத்துக்கு முன் சம்பளத்துக்கு அடுத்தபடியாகப் பார்க்க வேண்டியது, ஒப்பந்தம் தானாக நீளும் ஷரத்து. '20 ஆட்டங்களில் தொடக்கப் பதினொன்றில் இடம்பெற்றால் இன்னும் ஓராண்டு' என்று போட்டிருக்கிறது என வைத்துக்கொள்வோம். கேட்க நன்றாக இருக்கும். பிப்ரவரியில் 18, 19 என்று எண்ணிக்கை ஏறும்போதுதான் கோளாறு. பயிற்சியாளர் இவரையே விரும்பினாலும் கணக்குப் பிரிவிலிருந்து ஒரு சொல் வரும். திடீரென்று இவர் பெஞ்சில் இருப்பார். அனுபவமுள்ள ஏஜென்ட் 'தொடக்கப் பதினொன்று' என்ற சொல்லையே விடமாட்டார். 'களமிறங்கினால்' என்று மாற்றுவார்; முடியாவிட்டால் எண்ணைக் குறைப்பார். 46 ஆட்ட லீகில் 15 என்பது ஜனவரிக்குள்ளேயே தாண்டிவிடக்கூடிய எண். கிளப் விழித்துக்கொள்வதற்குள் வேலை முடிந்துவிடும்.

காயம் பட்டவர்களுக்கு இன்னொரு வகை ஒப்பந்தம் காத்திருக்கும்: ஆடினால்தான் காசு. அடிப்படைச் சம்பளம் சொற்பம், ஒவ்வொரு ஆட்டத்துக்கும் தனித்தொகை. முட்டியின் ஸ்கேனில் குருத்தெலும்பு தேய்ந்திருக்கிறது என்று வந்தால் மருத்துவப் பரிசோதனையில் தோற்றார் என்றே வெளியில் பேசுவார்கள். உள்ளே நடப்பது பேரம். அதே ஆள், அதே முட்டி, விலைதான் வேறு.

கடன் விஷயம் இதைவிடச் சிக்கல். ஒரு காலத்தில் இங்கிலாந்தில் அவசரக் கடன் என்று ஒரு முறை இருந்தது. குறைந்தது 28 நாள், அதிகபட்சம் 93 நாள். மாற்றுச் சாளரம், அதாவது கிளப் மாற அனுமதியுள்ள காலம், மூடிக் கிடக்கும்போதும் போய் வரலாம். ரெஹ்மானின் தலைமுறை ஸ்டாப்பர்கள் அதில்தான் பிழைத்தார்கள். செவ்வாய்க்கிழமை ஒருவர் காயப்பட்டால் வெள்ளிக்கிழமை வேறோர் ஊரிலிருந்து ஆள் வந்து நிற்பார். 2015-16 சீசனோடு கோல்கீப்பர் தவிர மற்றவர்களுக்கு அந்தக் கதவு மூடிவிட்டது. இப்போது ஆகஸ்ட்டிலோ ஜனவரியிலோ போனால்தான் உண்டு. தப்பான கிளப்பைத் தேர்ந்தெடுத்தால் அரை சீசன் போச்சு. அதற்கு மேல் ஃபிஃபா விதி ஒன்று: ஒரு சீசனில் மூன்று கிளப்புகளில் பதிவு செய்யலாம், ஆனால் இரண்டுக்குத்தான் ஆட முடியும். முதல் கிளப்புக்கு ஆகஸ்ட்டில் ஒரே ஒரு கோப்பை ஆட்டத்தில் பத்து நிமிடம் இறங்கியிருந்தாலும் அது ஒரு கணக்கு. நிறையப் பேர் இதில் மாட்டியிருக்கிறார்கள்.

சரி, கையெழுத்தாகிவிட்டது. சனிக்கிழமை ஆட்டம் என்றால் பதிவு வெள்ளி நண்பகலுக்குள் லீகுக்குப் போயிருக்க வேண்டும். புது ஊரில் கிடைப்பது ஒன்றோ இரண்டோ பயிற்சி. அந்த நேரத்தில் ஒரு நல்ல ஜர்னிமேன் என்ன கேட்கிறார் என்று பார்த்தாலே அவர் தரம் தெரியும்.

முதலில் கோல்கீப்பர். ஓரத்திலிருந்து கிராஸ் வந்தால் எவ்வளவு தூரம் வெளியே வருவார்? ஆறு கஜப் பெட்டிக்குள்ளேயே நிற்கிறவரா, பெனால்டி புள்ளிவரை வந்து குத்துகிறவரா? 'கீப்பர்ஸ்', அதாவது பந்து என்னுடையது, என்று எவ்வளவு முன்னால் கத்துவார்? அந்தக் குரல் அரை நொடி பிந்தினால் இரண்டு பேரும் ஒரே பந்துக்குத் தாவி மோதிக்கொள்வார்கள். பந்து காலியான கோலுக்குள் உருளும். புது ஸ்டாப்பரின் முதல் ஆட்டத்தில் விழும் அபத்தமான கோல்களில் நிறைய இந்த வகைதான். பத்திரிகையில் 'தற்காப்புக் குழப்பம்' என்று ஒரு வரியில் முடித்துவிடுவார்கள்.

இரண்டாவது, கூட நிற்கும் ஸ்டாப்பர். நீளப் பந்துக்கு யார் மோதுவது, யார் பின்னால் கவர் கொடுப்பது? இருவரும் மோதுகிறவர்களாக இருந்தால் முதுகுக்குப் பின்னால் பொட்டல்வெளி. இருவரும் பின்வாங்குகிறவர்களாக இருந்தால் எதிரணியின் ஒன்பதாம் எண், அதாவது நடு முன்களக்காரர், நெஞ்சில் பந்தை இறக்கிச் சாவகாசமாகத் திரும்புவார். யார் வலக்கால், யார் இடக்கால் என்பதும் இங்கேயே முடிவாகும். இடக்கால் ஸ்டாப்பருக்கு எப்போதும் கிராக்கி உண்டு. இடப்பக்கம் நிற்கும் வலக்கால்காரர் அழுத்தம் வரும்போது பந்தை உள்பக்கமே திருப்பியாக வேண்டும், எதிரணி அங்கேதான் காத்திருக்கும்.

மூன்றாவது, கார்னர். ஆளுக்கு ஓர் இடத்தைக் காக்கும் மண்டல முறையா, எதிரணி ஆளைப் பிடிக்கும் ஆளுக்கு ஆள் முறையா? மண்டலம் என்றால் தான் நிற்க வேண்டியது அருகிலிருக்கும் கம்பமா, நடுவா? பயிற்சியாளர் பலகையில் எழுதிக் காட்டுவது போதாது. அருகுக் கம்பத்தில் நிற்பவர் நின்ற இடத்திலிருந்து குதிக்கிறார், எதிரி பத்து கஜம் ஓடிவந்து குதிக்கிறார். அதனால் பந்து கிளம்புமுன் உடம்பைப் பக்கவாட்டில் திருப்பி, ஒரு காலைப் பின்வைத்து, முன்னால் ஓரடி எடுக்க இடம் விட்டு நிற்க வேண்டும். கைகள் கொஞ்சம் விரிந்திருக்கலாம், சட்டையைத் தொடக்கூடாது. தலையில் பட்ட பந்து உயரமாக, தூரமாக, ஓரமாகப் போக வேண்டும். இந்த மூன்றில் உயரம் முதலில். தன் ஆட்கள் வெளியேற அது நேரம் தரும். பந்து போனதும் 'ஏறு' என்ற கூப்பாடு யாருடையது? இதைக் கேட்காமல் விட்டால் நாலு பேர் ஏற, புதியவர் மட்டும் பின்னால் நின்று ஆஃப்சைடைக் கெடுப்பார்.

அடுத்தது கார்டுகள். இங்கிலீஷ் கால்பந்து லீகில் (பிரிமியர் லீகுக்குக் கீழுள்ள மூன்று டிவிஷன்கள்) ஓர் அணியின் முதல் 19 லீக் ஆட்டங்களுக்குள் 5 மஞ்சள் வாங்கினால் ஓர் ஆட்டம் தடை. 37ஆவது ஆட்டத்துக்குள் 10 என்றால் இரண்டு, சீசனுக்குள் 15 என்றால் மூன்று. அணியில் நிரந்தர இடம் இல்லாதவருக்கு ஓர் ஆட்டத் தடை வெறும் ஓர் ஆட்டம் கிடையாது. உள்ளே வந்த மாற்று ஆள் நன்றாக ஆடிவிட்டால் கதை முடிந்தது. அதனால் 18, 19ஆவது ஆட்டங்களில் நாலு மஞ்சளோடு இருக்கிற பழைய கை, த்ரோவைத் தாமதிப்பது, ரெஃப்ரியிடம் வாயாடுவது போன்ற வெட்டிக் கார்டுகளை வாங்கவே மாட்டார். சிவப்பிலும் கணக்கு உண்டு. உறுதியான கோல் வாய்ப்பைத் தடுத்து வெளியேறினால் ஓர் ஆட்டம், முரட்டு ஃபவுல் என்றால் மூன்று. வர்ணனையில் 'கடைசி ஆள்' என்று சொல்லிக்கொண்டே இருப்பார்கள். விதியில் அப்படி ஒரு சொல்லே இல்லை. தூரம், போகும் திசை, பந்து கைவசமாகும் சாத்தியம், மற்ற தடுப்பாளர்கள் நிற்கும் இடம் ஆகிய நான்கையும் ரெஃப்ரி பார்க்கிறார். 2016 முதல், பெனால்டி பெட்டிக்குள் பந்துக்காகவே முயன்று தவறினால் பெனால்டியோடு மஞ்சள்தான். சட்டையைப் பிடித்து இழுத்தால் பழையபடி சிவப்பு. கால் நீட்டலாம், கை நீட்டக்கூடாது என்பது அதற்குப் பிறகு எல்லா ஸ்டாப்பர்களுக்கும் பாலபாடம்.

இனி ரெஹ்மான் ஆசியாவுக்குப் போன கதை. இங்கேதான் அவருடைய பாஸ்போர்ட் பேசுகிறது. இளையோர் அணிகளில் இங்கிலாந்துக்கு ஆடியவர், 2005இல் பாகிஸ்தான் அணிக்கு மாறினார், பிறகு கேப்டனும் ஆனார். ஆசியக் கால்பந்துக் கூட்டமைப்பு அந்த நாட்களில் தன் கிளப் போட்டிகளில் வைத்திருந்த ஒதுக்கீடு '3+1': எந்த நாட்டுக்காரர்களாகவும் மூன்று வெளிநாட்டவர், கூடவே ஆசியக் கூட்டமைப்பு நாடுகளிலிருந்து ஒருவர். ஆசியாவின் பல லீகுகளும் அதையே பின்பற்றின. முதல் மூன்று இடத்துக்கு பிரேசில், ஆப்பிரிக்கா, அர்ஜென்டினா என்று உலகமே வரிசையில் நிற்கும். கிளப்புகள் அதைக் கோல் போடுகிறவர்களுக்கு ஒதுக்கும். அந்த நான்காவது இடத்துக்கு, இங்கிலாந்தில் தொழில் கற்ற ஒரு பாகிஸ்தான் ஸ்டாப்பர் கிடைத்தால்? டாக்கிளைவிடத் தேசிய அணி அதிகச் சோறு போட்டது என்று சொன்னால் அவரைக் குறைத்துச் சொல்வதாகாது. காலியிடத்தைப் படிக்கத் தெரிவது இந்தத் தொழிலில் பாதி.

2014இல் பகாங் மலேசியாவின் எஃப்.ஏ. கோப்பையையும், ஜோகூரைப் பெனால்டியில் வீழ்த்தி மலேசியக் கோப்பையையும் தூக்கியபோது ரெஹ்மான் அந்த அணியில் இருந்தார். கூடவே ஜமைக்காவின் டேமியன் ஸ்டூவர்ட். இருவரும் லண்டனில் குவீன்ஸ் பார்க் ரேஞ்சர்ஸ் சட்டையில் ஒன்றாக இருந்தவர்கள். சந்தித்துக்கொண்ட அடுத்த இடம் பகாங்கின் தலைநகர் குவாந்தான்! ஸ்டாப்பர்களின் உலகம் இவ்வளவுதான் பெரிது.

ஆசியா போகிறவர் முதலில் தடுக்கி விழுவது காலண்டரில். இங்கிலாந்து சீசன் ஆகஸ்ட் முதல் மே வரை. மலேசிய லீக் அப்போது ஜனவரியில் தொடங்கி அதே ஆண்டில் முடியும். ஹாங்காங் மறுபடி இலையுதிர் காலத்தில் தொடங்கும். ஒன்றிலிருந்து இன்னொன்றுக்குத் தாவும்போது சில மாதம் சம்பளமில்லாமல் நிற்க நேரும். அல்லது ஓய்வே இல்லாமல் ஒன்றரை சீசன் தொடர்ந்து ஆடி, தொடைப் பின்தசை கிழியும். சர்வதேச மாற்றுச் சான்றிதழ் வேறு வர வேண்டும். பழைய கிளப் இருக்கும் நாட்டின் கால்பந்துச் சங்கம் அதை அனுப்பாதவரை பயிற்சி செய்யலாம், ஆட முடியாது.

சம்பளம் நின்றால் என்ன செய்வது என்பதும் தெரிந்திருக்க வேண்டும். 2018 முதல் ஃபிஃபா விதி தெளிவு: இரண்டு மாதச் சம்பளம் பாக்கி என்றால் எழுத்து மூலம் நோட்டீஸ் கொடுத்து 15 நாள் அவகாசம் தர வேண்டும். அதற்குள் முழுதாக வராவிட்டால் நியாயமான காரணத்தோடு ஒப்பந்தத்தை முறிக்கலாம். பிரச்சினை தொடங்கிய இரண்டு ஆண்டுக்குள் ஃபிஃபாவிடம் வழக்குப் போட வேண்டும். கோபத்தில் நோட்டீஸ் கொடுக்காமல் விமானம் ஏறிவிட்டால் முறித்தவர் ஆட்டக்காரராகிவிடுவார், நஷ்டஈடு அவர் தலையில் விழும். ஒப்பந்தத்தில் எழுதியிருப்பது வரிக்கு முந்தைய தொகையா பிந்தையதா, வீட்டு வாடகை யார் கணக்கு, குடும்பத்துக்கு எத்தனை விமான டிக்கெட் என்பதையெல்லாம் வாய்ப்பேச்சில் விடக்கூடாது. இரண்டு மொழியில் ஒப்பந்தம் இருந்தால், தகராறு வந்தால் எந்த மொழிப் பிரதி செல்லும் என்று ஒரு வரி கட்டாயம் கேட்டு எழுதி வாங்க வேண்டும்.

முப்பதைத் தாண்டியதும் முதல் ஐந்து கஜ வேகம் போகும். ஓரத்தில் ஃபுல்பேக்காக இருந்தவர் நடுவுக்கு நகர்வார். நடுவில் இருப்பவர் வரிசையை இரண்டு கஜம் பின்னால் வைத்துக்கொள்வார், கத்தலைக் கூட்டுவார். பயிற்சியாளர் உரிமப் படிப்பை அப்போதே தொடங்கிவிட வேண்டும். பி உரிமம், பிறகு ஏ உரிமம் என்று படிப்படியாக ஏற வருடங்கள் பிடிக்கும், ஆடிக்கொண்டிருக்கும்போதே படித்தால் செய்முறைக்கு ஒரு கிளப் கையிலேயே இருக்கும். ரெஹ்மான் ஆட்டத்தை நிறுத்திய பிறகு போர்ட்ஸ்மத்தில் பயிற்சியாளராகச் சேர்ந்தார். அந்த ஒப்பந்தங்களுக்கும் முடிவுத் தேதி உண்டு.