கள்ளப்பேரிக்குப் பட்டா யார் பேரில்?

நான் எழுதிக்கொண்டிருக்கும் மாயாஜாலக் கதையில் ஓர் ஏரி வருகிறது. பெயர் கள்ளப்பேரி. தொண்மலை நாட்டில், மூன்று பக்கமும் வெள்ளை மலை சூழ்ந்த பள்ளத்தாக்கில் கிடக்கிறது. ஆறு எதுவும் அதில் வந்து விழாது, மதகும் கிடையாது. மழை பிடித்தால் தரையிலுள்ள ஏழு துளைகள் வழியாகத் தண்ணீர் மேலே வரும். கோடை வந்தால் அதே துளைகள் வழியாக உள்ளே போய்விடும். தண்ணீர் போன சேற்றில் எள்ளும் உளுந்தும் விதைப்பார்கள். அறுத்துப் போரடித்த களத்துக்கு மேலேயே அடுத்த மழையில் படகு ஓடும்.

துளைகளில் எனக்குப் பிடித்தது வடகோடியில் இருக்கும் முரசு. தண்ணீர் ஏறுவதற்கு முன்பே, அடியில் அடைபட்ட காற்று வெளியே வரும்போது திம், திம் என்று அதிரும். அந்தச் சத்தம் கேட்டால் உளுந்தைக் களத்தில் விட்டு வைத்தவனுக்குத் தூக்கம் போச்சு.

‘சும்மா கட்டி விடாதீங்க மாமா’ என்றாள் தங்கச்சி மகள். ஒன்பதாவது படிக்கிறாள். நான் எழுதுவதைப் படிக்கும் ஒரே ஜீவன்.

கட்டி விடவில்லை. ஐரோப்பாவில் ஸ்லோவேனியா நாட்டில் செர்க்னிகா என்று ஓர் ஏரி நிஜமாகவே இப்படித்தான் இருக்கிறது. நிறைந்தால் 20 சதுர கிலோமீட்டருக்கும் மேல் பரவும். வற்றினால் புல் வெளி. பூராவும் சுண்ணாம்புப் பாறை. மழைநீர் காற்றிலும் மண்ணிலும் உள்ள கரியமில வாயுவைச் சேர்த்துக்கொண்டு லேசான அமிலமாகி, பாறையை அரித்து அரித்து அடியில் குகையும் வாய்க்காலுமாக ஆக்கி வைத்திருக்கிறது. உள்ளே போகிற வேகத்தைவிட வருகிற வேகம் கூடினால் ஏரி, குறைந்தால் வயல். அவ்வளவுதான் சூட்சுமம். அந்தப் பக்கத்து நதி ஒன்று பூமிக்குள் புகுந்து புகுந்து வெளியே வருவதால், வெளிவரும் இடத்துக்கு ஒரு பெயராக ஏழு பெயர் வாங்கியிருக்கிறது. வால்வசோர் என்ற பிரபு இந்த ஏரியை ஆராய்ந்து எழுதியதற்காகத்தான் 1687இல் லண்டன் ராயல் சொசைட்டி என்ற விஞ்ஞானிகள் சங்கத்தில் அவரை உறுப்பினராக்கினார்கள். தன் நாட்டைப் பற்றிப் பெரிய புத்தகமாகப் போட்டு, அந்தச் செலவில் கோட்டையையே விற்றார். சொந்தக் காசில் புத்தகம் போடுகிறவர்கள் கவனிக்கவும்.

அவ்வளவு தூரம் போக வேண்டாம் என்றால் நெல்லை மாவட்டத்தில் திசையன்விளை பக்கம் ஆயன்குளம் கிணறு இருக்கிறது. 2021 மழையில் வெள்ளத்தைத் திருப்பிவிட்டார்கள், நாள்கணக்கில் குடித்தும் நிரம்பவில்லை. சென்னை ஐஐடிக்காரர்கள் வந்து பார்த்தார்கள். அங்கேயும் அடியில் சுண்ணாம்புப் பாறைதான்.

தண்ணீர்க் கணக்கு சரியாகிவிட்டது. எனக்குத் தூக்கம் கெட்டது அதற்குப் பிறகுதான். பிழைப்புக்கு நான் சர்வேயர். சங்கிலி இழுத்து அளந்த காலத்திலிருந்து செயற்கைக்கோள் வைத்து அளக்கும் டிஜிபிஎஸ் வரை பார்த்தாச்சு. எந்த அதிசயத்தைக் காட்டினாலும் எனக்கு முதலில் தோன்றும் கேள்வி, இது பட்டாவா புறம்போக்கா? மாயாஜாலக் கதைகளில் மின்னும் அருவியும் மிதக்கும் மலையும் நிறைய வருகின்றன. அந்த மலையில் யார் ஆடு மேய்க்கிறார், தீர்வை யாருக்குக் கட்டுகிறார் என்று ஒருத்தரும் சொல்வதில்லை. சொல்லாதவரை எனக்கு அது சினிமா செட்டுதான்.

கள்ளப்பேரியில் எல்லைக்கல் நட முடியாது. சேற்றில் புதையும், புதையாமல் நின்றால் வலையைக் கிழிக்கும். வலை கிழிந்த மீன்காரர் கல்லைப் பிடுங்கி எறிந்துவிடுவார். அதனால் அங்கே எல்லை மண்ணில் கிடையாது, பார்வையில் இருக்கிறது. தெற்கு முகடும் கோயில் கோபுரமும் ஒன்றன் பின் ஒன்றாக ஒரே கோட்டில் தெரியும் இடம் உன் மேற்கு வரப்பு. படகில் நின்றாலும் அதே கோடு, ஏர் பிடித்து நின்றாலும் அதே கோடு. பனிமூட்டம் விழுந்த அன்று அளவை கிடையாது, அடிதடி மட்டும் உண்டு.

சரி, ஏரி எப்போது மீன்காரருடையது, எப்போது உழவருடையது? முழங்காலுக்கு மேல் தண்ணீர் நின்றால் மீன்காரருக்கு, இறங்கிவிட்டால் உழவருக்கு என்று சட்டம் எழுதினேன். எழுதி முடித்ததும் எனக்குள் இருக்கும் சர்வேயர் கேட்டார், யாருடைய முழங்கால்? ஊர்த்தலைவியின் முழங்கால் என்று வைத்தேன். குறித்து வைத்த ஓர் இடத்தில் அவள் இறங்கி நிற்பாள், ஊரே கரையில் நின்று பார்க்கும். அங்கேயிருந்து கதை தானாக ஓட ஆரம்பித்துவிட்டது. மீன்காரர்கள் எல்லாம் குள்ளமான பெண்ணுக்கு ஓட்டுப் போடுகிறார்கள். அவள் முழங்காலைத் தாண்டித் தண்ணீர் இறங்க நாளாகும், அதுவரை வலை வீசலாம். உழவர்கள் நெட்டையாக ஒருத்தியைத் தேடி அடுத்த பள்ளத்தாக்குவரை போகிறார்கள். ஒரு தேர்தலில் இரண்டு அங்குல வித்தியாசத்தால் பாதி ஊர் உளுந்து விதைக்க முடியாமல் போனது. குதிகால் உயர்ந்த செருப்பு போட்டு நின்றது செல்லுமா என்று ஒரு வழக்கு இன்னும் நடந்துகொண்டிருக்கிறது. அதற்குத் தீர்ப்பு நான் எழுதப் போவதில்லை. நம் ஊர் பாகப்பிரிவினை வழக்கு மாதிரி அது இழுக்கட்டும்.

தங்கச்சி மகளுக்கு இதெல்லாம் தாலுகா ஆபீஸ் வாசனை அடிக்கிறதாம். ‘டிராகன் எங்கே?’ என்கிறாள். அதற்கும் செர்க்னிகா பக்கமே ஆள் இருக்கிறது. அந்தக் குகை நீரில் ஓல்ம் என்று ஒரு ஜந்து. ஒரு சாணுக்குக் கொஞ்சம் கூட நீளம், வெளிறிய உடம்பு, கண் தெரியாது, கழுத்தோரம் சிவப்புச் செவுள். வருஷக்கணக்கில் இரை இல்லாமல் கிடக்கும். பெருமழையில் ஊற்றோடு வெளியே வந்து விழும்போது, அடியில் இருக்கும் டிராகனின் குட்டி என்று அந்தக் காலத்து ஜனங்கள் நம்பியதை வால்வசோரே எழுதியிருக்கிறார்.

அதையே கொண்டுவந்து முரசுத் துளைக்குள் விட்டிருக்கிறேன். படத்தைக் காட்டினேன். உற்றுப் பார்த்துவிட்டு, ‘கடிக்குமா?’ என்றாள். கடிக்காது என்றேன். அப்படியென்றால் அதன் அம்மாவையும் சேர்த்து எழுதினால்தான் அடுத்த அத்தியாயம் படிப்பாளாம்.